களைத்த காலனின் முகம்: பேர்ண்ஹாட் கெற்ஸ்கேயின் நடிப்புப் பற்றிய ஓர் ஆய்வு

சலனப்பட வரலாற்றை எழுதியோர் பெரும்பாலும் நெறியாளர் பெயர்களைக் கொண்டே அதனை வகுத்துள்ளனர். இம்முறை எளியது, பல இடங்களிற் பொருத்தமும் உடையது. ஆயின் இதனால் ஓர் இழப்பு நேர்ந்துள்ளது. ஒரு படம் பார்ப்போர் நெஞ்சில் நிலைபெறக் காரணமாயிருந்த முகம் யாருடையது என்ற வினா எழாமலே போயிற்று. ஸ்பானிய நெறியாளர் லூயிஸ் புனுவல், 1921ஆம் ஆண்டு வெளிவந்த பிரிற்ஸ் லாங்கின் 'களைத்த மரணம்' என்னும் ஜேர்மன் ஊமைப்படமே தம்மைத் திரைக்கலைபால் ஈர்த்தது எனத் தம் முதுமையிற் கூறினார். அப்படத்தின் நடுவே விரியும் மூன்று கதைகள் அவரைக் கவரவில்லை. கருந்தொப்பியணிந்து ஒரு சிற்றூருக்குள் வந்து சேரும் அந்நியனே அவரைக் கவர்ந்தான். வந்தவன் மரணம் என்பதைக் கண்ட கணத்திலேயே தாம் உணர்ந்துகொண்டதாக அவர் நினைவுகூர்ந்தார். அவ்வந்நியனாக நின்றவர் பேர்ண்ஹாட் கெற்ஸ்கே. லாங்கின் பெயரை அறிந்தோர் பலர். கெற்ஸ்கேயின் பெயரை அறிந்தோர் மிகச் சிலரே.

கெற்ஸ்கே 1884ஆம் ஆண்டு யூன் 5ஆந் திகதி டான்சிக் நகரிற் பிறந்தவர். பால்ற்றிக் கடலோரத்துத் துறைமுகமான அந்நகர் அன்று ஜேர்மன் பேரரசின் பகுதியாயிருந்தது; இன்று போலந்துக்குரியது. மேடை நாடகத்திற் பயின்று, முதல் உலகப் போர்க் காலத்திற் பேர்லினிற் படத்துறையுட் புகுந்தார். அவர் முன்னணிக்கு வந்த 1921ஆம் ஆண்டு ஜேர்மன் படக்கலை தன் வளத்தின் உச்சத்தை எட்டிக்கொண்டிருந்த காலம். முந்திய ஆண்டில் வெளிவந்த 'டாக்டர் கலிகாரியின் அறை' என்னும் படம், கோணிய சுவர்களையும் வரைந்த நிழல்களையும் கொண்டு உள்ளத்தின் கலக்கத்தைப் புறத்தே காட்டியது. அதில் நடித்த வேர்னர் கிறவுஸ், கொன்ராட் பைற் ஆகியோர், காட்சிச் சோடனையின் கோணலுக்கியையத் தம் உடலையும் கோணலாக்கினர். திடுமென வெட்டியிழுக்கும் அசைவு, விரிந்த விழி, விறைத்த விரல் என்பன அந்நடிப்பின் இலக்கணமாயின. ஊமைப்படம் என்றவுடன் இன்றும் பலர் நினைவிற்கு வருவது இம்மிகை நடிப்பே.

கெற்ஸ்கே இந்நெறியைச் சார்ந்தவரல்லர். நெடிய உருவம், உயர்ந்த நெற்றி, ஒட்டிய கன்னம், ஆழ்ந்து கிடக்கும் கண்கள் என்பன இயற்கை அவருக்கு அளித்தவை. இவற்றை வைத்துக்கொண்டு அவர் செய்ததெல்லாம், செய்யாமல் நிற்பதே எனச் சொல்லத் தோன்றும். இங்கேதான் திறனாய்வாளனுக்கு இடர்ப்பாடு எழுகின்றது. அழுவோனின் நடிப்பை அளக்கலாம். சீறுவோனின் நடிப்பையும் அளக்கலாம். அசையாது நிற்போனிடம் உள்ளது கலையா, அன்றித் தாய்வயிற்றிற் பெற்ற முகத்தின் வாய்ப்பா? முகமே எல்லாம் எனில் அவரைப் பற்றி எழுதுதற்கு ஒன்றுமில்லை. அவரைத் தெரிந்தெடுத்த நெறியாளரைப் புகழ்ந்து அமையலாம்.

இவ்வினா தமிழ் மரபுக்குப் புதியதன்று. தொல்காப்பியர் மெய்ப்பாட்டியலில் நகை, அழுகை, இளிவரல், மருட்கை, அச்சம், பெருமிதம், வெகுளி, உவகை என எட்டே கூறினார். பரதரின் நாட்டிய நூலிலும் சுவை எட்டே. பின்வந்தோர் சாந்தம் என்பதனை ஒன்பதாவதாகச் சேர்த்தனர். அதனைத் தமிழிற் சமநிலை என்பர். அதனைச் சுவையாகக் கொள்ளுதல் தகுமா என்பது வடமொழியாளரிடையே நெடுங்கால வழக்காயிருந்தது. காசுமீரத்து அபிநவகுப்தர் அதன் சார்பில் விரிவாக வாதிட்டவர். வழக்கின் உள்ளீடு இதுவே: உள்ளத்தின் மாறுபாடு உடலில் வெளிப்படுதலை மெய்ப்பாடு என்கிறோம், மாறுபாடே அற்ற நிலை எவ்வாறு வெளிப்படும்? வெளிப்படாததை எவ்வாறு நடிப்பது? சாந்தத்தை மறுத்தோர் மேடையை எண்ணி மறுத்தனர். கடைசி வரிசையிலிருப்போனுக்கும் எட்டவேண்டிய மேடையில் அசைவின்மை வெறும் அசைவின்மையாகவே தோன்றும். ஒரு முகத்தை ஓராள் உயரத்திலும் பெரிதாக விரித்துக் காட்டும் கருவி வருமென அவர்கள் எண்ணியிருத்தல் இயலாது. கண்ணிமையின் அசைவு கையசைவினும் பெரிதாகத் தோன்றும் கலையில், மறுத்தோரின் வாதம் தன் வலியை இழக்கின்றது. கெற்ஸ்கேயின் நடிப்பை ஆராய்தற்கு இதனினும் ஏற்ற நுழைவாயில் இல்லை.

'களைத்த மரணம்' தேயா வொன் ஹார்பூவும் லாங்கும் சேர்ந்து எழுதிய கதை. இளங் காதலர் இருவர் வண்டியிற் செல்கையில் வழியில் ஓர் அந்நியன் ஏறிக்கொள்கிறான். அவன் ஊரின் இடுகாட்டை அடுத்த நிலத்தைத் தொண்ணூற்றொன்பது ஆண்டுக் குத்தகைக்குப் பெற்று, வாயிலற்ற பெருமதிலொன்றை எழுப்பியவன். ஊர்ப் பெரியோர் அவன் கொடுத்த பொன்னை வாங்கிக்கொண்டு, அவன் யாரென வினவாதிருந்தனர் என்பதைப் படம் மெல்லிய எள்ளலோடு காட்டும். விடுதியில் அவன் காதலரின் மேசையில் வந்தமர்கிறான். அவன் முன்னிருந்த குடிகலம் மணற்கடிகையாக மாறுகின்றது. பெண் சற்றே எழுந்து சென்று மீள்வதற்குள் காதலனைக் காணவில்லை. நஞ்சருந்த முற்பட்ட அவள், மதிலுக்குள் ஒரு மண்டபத்தில் எண்ணற்ற மெழுகுதிரிகளின் நடுவே மரணத்தைச் சந்திக்கிறாள். ஒவ்வொரு திரியும் ஓருயிர். அணையும் தறுவாயிலுள்ள மூன்று திரிகளை அவன் காட்டி, இவற்றுள் ஒன்றையேனும் காதலால் அணையாது காப்பின் அவனைத் தருவேன் என்கிறான். பக்தாது, வெனிசு, சீனம் ஆகிய மூவிடத்தும் நடக்கும் மூன்று கதைகளிலும் அவள் தோற்கிறாள்.

படத்தின் உயிர் அம்மூன்று கதைகளிலன்று, மெழுகுதிரி மண்டபத்திலேயே உள்ளது. மரணம் ஒரு சுடரின்மேற் கைகளை ஏந்த, அச்சுடர் ஒரு மகவாகிக் கைகளிற் கிடந்து மறைகின்றது. அடுத்த கணம் எங்கோ ஒரு தாய் அழுகிறாள். இந்த இடத்தில் மிகைநடிப்பு வல்லார் ஒருவர் இருந்திருப்பின் இரண்டிலொன்று நடந்திருக்கும். கொடுமை தோன்றச் சிரித்திருப்பார். அல்லது இரக்கந் தோன்றக் கண் கலங்கியிருப்பார். கெற்ஸ்கே இரண்டையுஞ் செய்யவில்லை. மகவை வாங்கும் கைகளில் ஒரு செவிலியின் பழக்கம் உண்டு. முகத்தில் அப்பழக்கத்தின் சுமை உண்டு. பல்லாயிரம் முறை செய்த தொழிலை இன்னொரு முறை செய்யும் ஒருவனின் முகம் அது. மாந்தர் துயரைக் கண்டு கண்டு தான் சோர்ந்துவிட்டதையும், கடவுளின் ஆணையைச் செய்து வெறுப்பை மட்டுமே ஈட்டியதையும் அவன் சொல்வதாக எழுத்துத் தட்டு காட்டுமுன்னரே பார்ப்போர் அதனை அறிந்துவிடுகின்றனர். 'களைத்த' என்னும் அடை தலைப்பில் உள்ளது. அதனைப் படத்துக்குள் கொணர்ந்தது நெறியாளரின் சோடனையன்று.

சாவித்திரி கதையை அறிந்தோர்க்கு இப்படத்தின் அமைப்பு உடனே நினைவூட்டுவது யாதென விளக்க வேண்டுவதில்லை. கணவனின் உயிரை மீட்கக் காலனைத் தொடர்ந்து செல்லும் பெண், அவளிடம் மனமிரங்கும் காலன் என்னும் இரண்டும் இரு கதைக்கும் பொது. பாரதக் கதையின் சாயல் இதிலுண்டு எனக் கூறுவாரும் உளர். எனினும் ஒற்றுமையினும் வேற்றுமையே இங்குக் கருதத்தக்கது. பாரதத்து யமன் தருமராசன். தான் ஆற்றுவது அறம் என்பதில் அவனுக்கு ஐயமில்லை. சாவித்திரியின் சொல்வன்மைக்கு மகிழ்ந்து வரமளிப்பான். வரத்தின் பொறியில் தானே அகப்பட்டுச் சத்தியவானை விடுப்பான். நசிகேதனுக்கு ஆசானாய் அமர்ந்தவனும் அவனே. திருக்கடவூரிற் காலன் உதைபட்டதோ வேறு வகை. அங்கும் அவன் சினந்து பாசம் எறிந்தவனேயன்றிச் சோர்ந்தவனல்லன். தன் தொழிலின்மேல் தானே வருந்தும் காலன் இம்மரபில் இல்லை. லாங்கின் மரணம் தலைவனல்லன், ஏவலன். அவன் தோற்கவே விரும்புகிறான்; சட்டம் அவனைத் தோற்கவிடுவதில்லை. பக்தாதுக் கதையில் தோட்டக்காரனாயும், சீனக் கதையில் வில்லாளனாயும் அவனே வந்து தன் விருப்பத்துக்கு மாறான செயலைச் செய்துமுடிக்கிறான். விருப்பமும் செயலும் முரணும் இந்நிலையைச் சொல்லின்றிக் காட்டியதே கெற்ஸ்கேயின் வெற்றி.

படத்தின் முடிவில், இன்னோர் உயிரைப் பெற்றுத் தரின் காதலனை மீட்கலாம் என்னும் இறுதி வாய்ப்பு அவளுக்குக் கிடைக்கின்றது. முதியோரும் இரவலனும் தம் எஞ்சிய நாட்களுள் ஒன்றையேனும் தர மறுக்கின்றனர். தீப்பற்றிய இல்லமொன்றிற் சிக்கிய மகவு அவள் கைக்கு வருகின்றது. மரணம் கை நீட்டுகிறான். அவள் அவனிடம் கொடாமல் மகவைத் தாய்க்கே இறக்கி விடுகிறாள். நீட்டிய கை வெறுமையாய்த் திரும்பும் அவ்விடத்தில் கெற்ஸ்கேயின் தோற்றத்திலுள்ள அமைதி, ஏமாற்றமன்று. ஒருவகை நன்றி எனலாம்.

ஜேர்மன் படங்களை நாட்டின் அரசியல் உளநிலையோடு பொருத்தி ஆராய்ந்த சீக்பிரீட் கிறக்கவர், 1947இல் வெளியிட்ட நூலில் இப்படத்தை ஊழுக்கு அடிபணியும் மனப்பாங்கின் வெளிப்பாடாகக் கொண்டார். மூன்று கதைகளிலும் கொடுங்கோலர் வெல்கின்றனர். அவர்தம் செயலே ஊழின் செயலாகக் காட்டப்படுகின்றது என்பது அவர் வாதத்தின் சாரம். கதையை மட்டும் நோக்கின் இதனை மறுத்தல் அரிது. ஆயின் படம் கதை மட்டுமன்று. ஊழை வழிபடச் செய்யும் படம் ஊழுக்குக் கம்பீரமான முகத்தைக் கொடுத்திருக்கும். இப்படத்தில் ஊழின் முகம் தன் வேலையை விட்டுவிட ஏங்கும் முகம். அம்முகம் கிறக்கவரின் கணக்கில் இடம்பெறவில்லை. கதைச் சுருக்கத்தை வைத்து ஒரு நாட்டின் உள்ளத்தை அளப்போர், நடிகன் கதைக்கு எதிராகவும் நடிக்கக்கூடும் என்பதை மறந்துவிடுகின்றனர்.

அதே 1921ஆம் ஆண்டில் ஜோ மே நெறிப்படுத்திய 'இந்தியக் கல்லறை' இரு பகுதிகளாக வெளிவந்தது. ஹார்பூ 1918இல் எழுதிய நாவலைத் தழுவி அவரும் லாங்கும் திரைக்கதை அமைத்தனர். எஷ்ணபூர் என்னும் கற்பனை நாட்டு மன்னனாகக் கொன்ராட் பைற்றும், இராமிகானி என்னும் யோகியாகக் கெற்ஸ்கேயும் நடித்தனர். உயிரோடு புதையுண்டு கிடந்த யோகியை மன்னன் தோண்டியெடுத்து எழுப்புகிறான். எழுப்பியவனின் விருப்பை நிறைவேற்றுதல் யோகியின் கடமை என்பது கதையின் கற்பனை. தன்னை விட்டு இன்னொருவனை விரும்பிய அரசி சாவித்திரிக்குக் கல்லறை கட்ட ஐரோப்பியக் கட்டடக் கலைஞன் ஒருவனை அழைத்துவருமாறு மன்னன் அவனை ஏவுகிறான். அரசி அப்போதும் உயிரோடிருக்கிறாள்.

யோகம் பற்றிய அறிவு இப்படத்தில் யாதும் இல்லை என்பதை ஒளிக்காமற் கூறிவிடலாம். பேர்லினை அடுத்த வோல்ற்றேர்ஸ்டோவ் என்னுமிடத்திற் கட்டிய கோயில்களுக்கும் இந்தியக் கோயில்களுக்கும் உள்ள தொடர்பே படத்து யோகத்துக்கும் மெய்யான யோகத்துக்கும் உள்ள தொடர்பு. நினைத்தவுடன் தோன்றி நினைத்தவுடன் மறைவதும், பிறர் உள்ளத்தை வசியஞ் செய்வதும், அரசன் பழிவாங்கத் தூது செல்வதும் இப்படத்து யோகியின் தொழில்கள். சித்திகளை நோக்கமாகக் கொள்வது வீழ்ச்சி எனப் பதஞ்சலியார் எச்சரித்ததைக் கதையாசிரியர் அறிந்ததாகத் தெரியவில்லை. கீழைநாடென்றால் மாயமும் கொடுங்கோன்மையும் என்னும் மேலைநாட்டுப் பழங் கனவு இங்குப் பெரும் பொருட்செலவில் மீண்டும் காணப்பட்டது, அவ்வளவே. வீனே என்பார் நெறிப்படுத்திய 1917ஆம் ஆண்டுப் படமொன்றில் இத்தகைய இந்தியத் துறவியின் வேடத்தைப் பைற் ஏற்றிருந்தார். வேடம் கைமாறியது, கனவு மாறவில்லை.

எனினும் ஒன்று கூறல் வேண்டும். பொய்யான இப்பாத்திரத்துள் மெய்யான ஒரு பண்பு புகுந்திருக்கின்றது. பைற் நடித்த மன்னன் உள்ளெரியும் நெருப்பால் நெளிகிறான். விரலும் கழுத்தும் விழியும் அவனைச் சித்திரவதை செய்கின்றன. அவன் எதிரே இராமிகானி அசைவற்று நிற்கும் காட்சிகளில், ஆளுவோன் யார், ஏவலன் யார் என்பது தலைகீழாகின்றது. ஆசைக்கு அடிமையானவன் அரியணையில் இருக்கிறான். இந்தியாவைக் காணாத ஒரு ஜேர்மன் கூட்டத்தார் அறியாமலே இந்திய ஞானத்தின் ஒரு கூற்றைத் தொட்டுவிட்டனர் எனின், அவ்விடம் இதுவே. அதற்குப் பொறுப்பானவர் கதாசிரியரல்லர். ஆயினும் 'களைத்த மரண'த்தோடு ஒப்பிடுகையில் இது தாழ்ந்த நடிப்பே. அங்கே அசைவின்மைக்கு அடியில் துயரம் இருந்தது. இங்கே பல இடங்களில் அசைவின்மை தலைப்பாகை போல் அணிந்துகொண்ட அணியாகவே உள்ளது.

1922இல் வந்த 'சூதாடி டாக்டர் மபூசே'யில் அவர் சட்டத்தின் பக்கத்திற்கு வந்தார். ருடோல்வ் கிளைன்-றொக்கே நடித்த மபூசே என்னும் வசியக்காரக் குற்றவாளியைத் துரத்தும் அரச வழக்குத்தொடுநர் வொன் வெங்க் அவர் பாத்திரம். சூதாட்ட மேசையில் மபூசே அவரை வசியப்படுத்த முயலும் காட்சி நினைவில் நிற்பது. விழிப்புக்கும் மயக்கத்துக்கும் இடையில் இமைகள் தாழ்வதும், தாழ்ந்தவை மீள்வதும் முழுப் போராட்டமாகின்றன. மற்றைய இடங்களிற் கெற்ஸ்கே சோபிக்கவில்லை. ஓடவும் துப்பறியவும் மாறுவேடம் பூணவும் வேண்டிய பாத்திரத்துக்கு அவர் உடல் கனத்தது.

1924இல் லாங் எடுத்த 'நீபெலுங்கர்' இரு பகுதியாயமைந்த பெருங்காப்பியப் படம். அதிற் பாணனும் வீரனுமாகிய வோல்க்கர் வேடம் கெற்ஸ்கேக்குக் கிடைத்தது. சீக்பிரீட்டின் வீரச் செயல்களைக் கிறீம்கில்டுக்கு யாழொத்த கருவி மீட்டிப் பாடுவோனும், இரண்டாம் பகுதியில் பகைவர் நாட்டில் உறங்கும் தோழர்க்குக் காவலாக ஹாகனோடு இரவில் விழித்திருப்போனும் அவனே. பேசாப்படத்திற் பாணனாக நடித்தல் விந்தையான வேலை. ஊமைப்படம் ஓசையற்ற அரங்கிற் காட்டப்பட்டதன்று; கொற்பிறீட் ஹூப்பர்ற்ஸ் இப்படத்துக்கென இசையமைத்திருந்தார். எனினும் பாட்டின் பொருள் பாடுவோனின் முகத்திலன்றி வேறிடத்திற் பெறப்படுதல் அரிது. கெற்ஸ்கே பாடுவோனின் உணர்ச்சியைக் காட்டாது, தான் பாடுவதைத் தானே கேட்போனின் உணர்ச்சியைக் காட்டினார். காவலிருக்கும் இரவுக் காட்சியிலும் அவ்வாறே. எதையோ செவிகொடுத்துக் கேட்கும் முகம் அது. அப்படத்திற் பலர் ஓவியம்போல் நிறுத்தப்பட்டுள்ளனர். லாங்கின் கட்டடக்கலை நோக்கில் அவர்கள் தூண்களாயினர். அத்தூண்களின் நடுவே ஒருவன் மட்டும் உள்ளே வாழ்கிறான் என்ற எண்ணம் வோல்க்கரைக் காணுந்தோறும் எழுகின்றது.

இதுவரை கூறியன யாவும் மானிடத்துக்கு அப்பாற்பட்ட பாத்திரங்கள், அல்லது காப்பியப் பாத்திரங்கள். முகம் மட்டுமே என்னும் குற்றச்சாட்டை இவற்றைக் கொண்டு முற்றாக நீக்கிவிட முடியாது. காலனுக்கும் யோகிக்கும் பாணனுக்கும் அத்தகைய முகமே போதும் எனலாம். அதற்கு மறுமொழி 1925ஆம் ஆண்டுப் படமொன்றில் உள்ளது. கெர்ஹாட் லாம்பிரெக்ற் நெறிப்படுத்திய அப்படத்தின் பெயரை 'இகழப்பட்டோர்' எனத் தமிழாக்கலாம். பேர்லின் ஏழைகளைச் சித்திரமாக வரைந்து புகழ்பெற்ற ஹைன்றிக் சில்லேயின் அனுபவங்களை அடியாகக் கொண்டது அது. கெற்ஸ்கே நடித்த றொபேட் கிறாமர் ஒரு பொறியியலாளன், சிறையிலிருந்து மீண்டவன். தந்தை அவனை வீட்டில் ஏற்கவில்லை; மணம் பேசியவள் அவனைக் கைவிட்டாள். வேலை தேடிச் செல்லுமிடமெல்லாம் சிறை அவனுக்கு முன்னே சென்று நிற்கின்றது. வீடற்றோர் விடுதியில் ஒதுங்கி, ஈற்றில் உயிர்விடத் துணியும் அவனை எம்மா என்னும் விலைமாது தடுத்துத் தன் குடிலுக்குக் கூட்டிச் செல்கிறாள்.

சாவைப் பிறர்க்குக் கொணர்ந்த முகம் இங்குத் தனக்கே சாவைத் தேடுகின்றது. 'களைத்த மரண'த்தைக் கண்டோர் இவ்விரண்டையும் இணைத்துப் பாராதிருத்தல் அரிது. ஆயின் கெற்ஸ்கே பழைய முகத்தை இங்குக் கடனாகக் கொண்டுவரவில்லை. காலனின் அசைவின்மை எல்லாவற்றையும் கண்டு முடித்தவனுடையது. கிறாமரின் அசைவின்மை தன்னைப் பிறர் காண்பதற்கு அஞ்சுவோனுடையது. சிறை கற்பித்த அடக்கம் அது. கதவின் முன் நிற்கையில், உள்ளே வரச் சொல்லும்வரை அவன் அசைவதில்லை. தன் உடலுக்கு உரிமையில்லாத இடத்தில் அதனை இயன்றவரை சிறிதாக்கிக் கொள்கிறான். இவ்வளவு நெடிய உருவத்தையுடைய ஒருவர் தம்மைச் சிறிதாக்கிக் காட்டியது முகவாய்ப்பன்று, நடிப்பே. தன்னை மீட்டவளின் அன்பை ஏற்கவும் மறுக்கவும் முடியாது தவிக்கும் இடங்களில் அவர் காட்டும் கூச்சம், மேட்டுக்குடியிற் பிறந்து கீழே வீழ்ந்தோனின் நாணத்தையும் நன்றியையும் ஒருங்கே கொண்டது. படத்தின் பிற்பகுதி அவனை மீண்டும் நல்ல நிலைக்கு உயர்த்துகின்றது. உயர்ந்தபின் பாத்திரமும் படமும் சுவை குன்றுகின்றன. ஏழைகளைப் பற்றிய படத்தின் நாயகன் ஏழையல்லன், வழிதவறி அங்கு வந்த பொறியியலாளன் என்பது லாம்பிரெக்ற்றின் குறைபாடு. அதற்கு நடிகரைக் குறை கூறுதல் பொருந்தாது.

இக்காலத்தில் அவர் பிறநாட்டுப் படங்களிலும் தோன்றினார். ஊமைப்படத்துக்கு மொழித்தடை இல்லை. எழுத்துத் தட்டை மாற்றினால் டான்சிக் நடிகர் இலண்டனிலும் மொஸ்கோவிலும் அந்நாட்டாராகிவிடுவார். பிரித்தானியரும் ஜேர்மானியரும் கூடிப் பேர்லின் அருகே எடுத்த 1925ஆம் ஆண்டுப் படமொன்றில் வயலின் ஆசானாக நடித்தார்; அப்படத்தின் துணை நெறியாளர் இளைஞர் அல்பிரட் ஹிச்கொக். ஹிச்கொக் தாமே நெறிப்படுத்திய இரண்டாவது படமான 'மலைக் கழுகி'லும் முக்கிய பாத்திரம் கெற்ஸ்கேக்குத் தந்தார். அமெரிக்காவின் கென்டக்கி மலைநாட்டுக் கதை. எடுத்த இடமோ மியூனிக்கும் தைரோல் மலைகளும். 1926இல் வெளியான அப்படத்தின் பிரதி ஒன்றேனும் கிடைக்கவில்லை. மிகத் தேடப்படும் தொலைந்த படங்களுள் அதுவும் ஒன்று. அது நல்ல படமன்று என ஹிச்கொக் பின்னாளிற் கைவிரித்தார். நிழற்படங்கள் சில மட்டும் எஞ்சியுள்ளன. அவற்றைக் கொண்டு கெற்ஸ்கேயை மதிப்பிட முயல்வது வீண். நிழற்படத்தில் எல்லோருமே அசையாதிருக்கின்றனர்; அசையக்கூடிய இடத்தில் ஒருவர் அசையாதிருந்தார் என்பதை அது காட்டமாட்டாது.

1928இல் சோவியத்-ஜேர்மன் கூட்டுமுயற்சியாக வந்த 'சலமாந்திரா' வேறு வகையில் வியப்பானது. பெற்றோர் வாழ்க்கையிற் பெற்ற பண்பு பிள்ளைக்கு வழிவழி செல்லும் எனச் சோதனைகளால் நாட்ட முயன்றவர் ஒஸ்திரிய உயிரியலறிஞர் போல் கமரர்; சோதனையிற் புரட்டு நடந்தது என்ற குற்றச்சாட்டு எழுந்ததையடுத்து 1926இல் தம்மைச் சுட்டு உயிர் துறந்தார். அவர் வரலாற்றைத் தழுவிக் கல்வி ஆணையாளர் லூனசார்ஸ்கி எழுத்திற் பங்குகொண்டு அமைந்த இப்படத்திற் கெற்ஸ்கே பேராசிரியர் வேடமேற்றார். படத்துப் பேராசிரியர் சாகாது சோவியத் நாட்டிற்குப் போகிறார். அறிவியல் உண்மையை அரசியல் விருப்பத்துக்கேற்ப வளைத்த படம் என்பதில் ஐயமில்லை. கமரரின் கொள்கையைப் பிற்கால மரபியல் ஏற்கவில்லை. அடுத்த ஆண்டு பிரான்சில் ஹென்றி பெஸ்கூர் எடுத்த 'மொண்டே கிறிஸ்ரோ'வில், சிறையிலிருந்தே அறிவளிக்கும் துறவி பாரியாவாக நடித்தார்.

பின்னர்ப் படம் பேசத் தொடங்கியது. நல்ல குரலில்லாத நடிகர் வீழ்ந்தனர் என்பது வழக்கமாகச் சொல்லப்படும் காரணம். மேடையிற் பயின்ற கெற்ஸ்கேக்கு அது பொருந்துமாறில்லை. மௌனம் எல்லோர்க்கும் பொதுவாயிருந்த காலத்தில், மௌனத்துள் மௌனமாயிருந்தவர் தனித்துத் தோன்றினார். எல்லோரும் பேசத் தொடங்கியபின், பேசாது நிற்பவன் அடுத்த உரையாடலுக்குக் காத்துநிற்பவனாகவே கருதப்பட்டான். ஒலிவாங்கிக்காக எழுதப்பட்ட கதைகளில் அவர்க்கெனப் பாத்திரம் எழுதுவாரில்லை. 1930 தொடக்கம் அவர் பெயர் நடிகர் வரிசையின் அடிப்பகுதிக்கு இறங்கிச் செல்கின்றது.

1933இல் நாசிகள் ஆட்சியேறினர். லாங் நாட்டை விட்டகன்றார். ஜோ மேயும் கொன்ராட் பைற்றும் அகன்றனர். ஹார்பூ தங்கி ஆட்சியோடு ஒத்துழைத்தார். கெற்ஸ்கேயும் தங்கினார். அவ்வாட்சிக் காலத்துப் படங்கள் பலவற்றிற் சிறு வேடங்களில் அவரைக் காணலாம். மரணத்தின் முகத்துக்கு மாந்தர்மேல் இரக்கம் தந்த கலைஞர், மரணத்தைத் தொழிலாக நடத்திய ஓர் ஆட்சியின் கீழ் வாயிற்காவலரும் முதியவருமாக ஓரிரு கணம் தோன்றி மறைந்தார் என்பதை அவர் வரலாற்றிலிருந்து நீக்கிவிடுதல் நேர்மையாகாது. அதனை வைத்து 1921ஆம் ஆண்டு நடிப்பை மறுப்பதும் அவ்வாறே.

'களைத்த மரணம்' ஜேர்மனியில் முதலிற் குளிர்ந்த வரவேற்பையே பெற்றது. பிரான்சியர் பாராட்டிய பின்னரே சொந்த நாட்டிற் பெயர் பெற்றது. அமெரிக்க உரிமையை வாங்கிய டக்ளஸ் பெயர்பாங்ஸ், அதன் பறக்கும் கம்பள உத்தியை 1924ஆம் ஆண்டில் தம் 'பக்தாதுத் திருட'னிற் பயன்கொண்டார். கம்பளத்தைக் கடன் வாங்கலாம். மெழுகுதிரி மண்டபத்தைக் கடன் வாங்குவார் எவரையும் காணோம். பல பிரதிகளை ஒப்பிட்டு, பழைய வண்ணச் சாயல்களோடு அப்படம் 2016இல் புதுக்கப்பட்டுப் பேர்லினில் மீண்டும் திரையிடப்பட்டது.

லாங் இருபதாண்டுகளுக்கு மேற்பட்ட அயல்வாழ்வின் பின் ஜேர்மனிக்கு மீண்டு, இளமையிற் கைநழுவிய 'இந்தியக் கல்லறை'யைத் தாமே எடுத்தார். உதயப்பூரிலும் பேர்லினின் ஸ்பண்டாவ் கலையகத்திலும் உருவாகி 1959இல் இரு பகுதிகளாக வெளிவந்த அப்படத்தில், மன்னன் ஏவிய யோகி இல்லை. இராமிகானி என்னும் பெயர் அரியணையைக் கவரச் சூழ்ச்சி செய்யும் இளவரசன் ஒருவனுக்குச் சென்றது. யமன் என்னும் பெயர் கோயிற் பூசகர் ஒருவர்க்கு இடப்பட்டது. பழைய இராமிகானி அப்போது எழுபத்தைந்து வயதை அணுகியிருந்தார். 1964ஆம் ஆண்டு ஒற்றோபர் 7ஆந் திகதி அவர் பேர்லினிற் காலமானார்.